எட்டு இன்ச்

எந்த வீட்டுக்குள் போனாலும் அக்கா முதலில் மூலைகளைத்தான் பார்ப்பார். வீட்டுக்காரர் "வாங்க, உக்காருங்க" என்று நாற்காலியை இழுத்துப் போடுவார். அக்கா உட்கார மாட்டார். கண் ஒரு மூலையிலிருந்து அடுத்த மூலைக்கும், அங்கிருந்து எதிர்ச்சுவருக்கும் ஓடும். பிறகு கைப்பையிலிருந்து ஸ்டீல் டேப் வெளியே வரும். "ஒரு நிமிஷம் இந்த முனையப் புடிங்களேன்" என்று அதை வீட்டுக்காரர் கையிலேயே கொடுத்துவிடுவார். வந்த வேலை என்ன என்பது அதற்கப்புறம்தான்.

மன்னார்புரத்தில் வீட்டுக்குப் பிளான் போட்டுத் தரும் சின்ன அலுவலகம் ஒன்றில் அவரோடு இரண்டு வருடம் வேலை பார்த்தேன். சிவில் முடித்த எனக்கு அது முதல் வேலை. அக்கா டிப்ளமோ படித்தவர். வயது முப்பத்தெட்டு இருக்கும். அலுவலகத்தை நடத்திய இன்ஜினியரை நாங்கள் சார் என்போம். சார் பென்சிலால் கிறுக்கித் தருவதை அக்கா கம்ப்யூட்டரில் வரைவார். வரைந்ததை நான் சரிபார்த்து ஓரத்தில் கையெழுத்துப் போடுவேன். ஆக மொத்தம் மூன்று பேர்.

அக்கா தேடியது ஒரே ஒரு எண்ணை. ஒரு கோட்டை இரண்டு துண்டாக்க வேண்டும். முழுக்கோடு பெரிய துண்டைப் போல எத்தனை மடங்கோ, பெரிய துண்டு சின்னத் துண்டைப் போல அத்தனை மடங்காக இருக்க வேண்டும். அப்படி வெட்டினால் எந்தக் கோட்டிலும் அந்த மடங்கு ஒன்றுதான்: ஏறத்தாழ 1.618. புத்தகங்களில் பொன் விகிதம் என்று எழுதியிருக்கும். அக்காவுக்கு அது 'ஒன் பாயிண்ட் சிக்ஸ்'.

நான் எதையும் பட்டியல் போட்டு வைப்பவள். சேர்ந்த முதல் மாதத்தில் அக்கா அளந்து பார்த்து "வந்துருச்சு" என்று சொன்னவை என் பழைய டைரியின் கடைசிப் பக்கத்தில் இருக்கின்றன. அலுவலகக் கதவு. சாரின் விசிட்டிங் கார்டு. எதிர்க் கடையின் பெயர்ப்பலகை. என் முழங்கையிலிருந்து மணிக்கட்டுவரை, மணிக்கட்டிலிருந்து விரல் நுனிவரை. என் மேசை.

மேசை முதல் தடவை வரவில்லை. விளிம்பைச் சுற்றி ஒட்டியிருந்த மரப்பட்டியை விட்டுவிட்டு மறுபடி அளந்தார். வந்துவிட்டது.

"இப்படி வேணுங்கறத சேத்து, வேணாங்கறத விட்டு அளந்தா எதுல வேணா வருமேக்கா."

"அந்தப் பட்டி பின்னால ஒட்டுனது. மேசையோட மனசு உள்ளதானே இருக்கு, இஞ்சினியரம்மா?"

கோபமில்லை, கேலிதான். ஆனால் அதற்குப் பிறகு அவர் கையை விட்டு என்னால் கண்ணை எடுக்க முடியவில்லை. டேப்பின் பூஜ்ஜியம் ஒருபோதும் ஓர் இடத்தில் நிற்காது. கால் இன்ச் உள்ளே, அரை இன்ச் வெளியே, பூச்சைச் சேர்த்து, பூச்சை விட்டு. எண் வரும்வரை அந்த நுனி அலையும். வந்ததும் அவர் முகம் மாறிவிடும். காய்ச்சல் விட்டவர் முகம்போல இருக்கும். அரைமணி நேரம்கூட அது நிற்காது. கண் அடுத்த மூலைக்குப் போய்விடும்.

எங்கள் அலுவலகக் காலண்டரை இரண்டு வருடத்தில் ஒன்பது இடத்தில் மாட்டினார். ஒவ்வொரு ஆணி ஓட்டையும் நானே எண்ணியது. சார் ஒருநாள் சுவரைப் பார்த்து, "இது சுவரா சல்லடையா?" என்றார். அக்கா திரும்பக்கூட இல்லை. "இன்னும் ஒரு ஆணி சார், அப்புறம் தொடவே மாட்டேன்."

அந்த இரண்டு வருடத்துக்குள்தான் பாலக்கரை வீட்டு வேலை வந்தது.

கட்டச் சொன்னவர் காந்தி மார்க்கெட்டில் பழ மண்டி வைத்திருப்பவர். நாற்பத்தைந்து வயது. லாரியில் ஏறிச் சரக்கைப் பார்க்கும்போது வழுக்கி விழுந்ததில் இடுப்புக்குக் கீழே உணர்வு போய்விட்டது. வீல்சேரில்தான் மண்டிக்கு வருவார். நாங்கள் அவரை அண்ணன் என்றும், மண்டியைச் சேர்ந்து பார்த்துக்கொண்ட அவர் மனைவியை அண்ணி என்றும் கூப்பிட்டோம். இருக்கிற வீட்டில் பாத்ரூமுக்குப் போக அண்ணியும் அண்ணனின் தம்பியும் சேர்ந்து தூக்க வேண்டும். பாலக்கரையில் ஒடுங்கலாக ஒரு மனை இருந்தது. அதில் வீடு கட்டித் தரச்சொல்லி சாரிடம் வந்திருந்தார்.

"ஹால எவ்ளோ சின்னதா வேணா வைங்க. மாடி பின்னால பாத்துக்கலாம்" என்றார், நாங்கள் மண்டிக்குப் போன முதல் நாளே. "எனக்கு ஒண்ணுதான் வேணும். பாத்ரூமுக்கு நானே போகணும். கதவ நானே சாத்தணும். நானே வெளிய வரணும். பதினோரு மாசமா கதவு சாத்துனதே இல்லங்க."

சிரித்துக்கொண்டேதான் சொன்னார். அண்ணி வாழைத்தாரில் ஏதோ பார்ப்பதுபோல் திரும்பிக்கொண்டார்.

சார் அதை மனதில் வைத்துத்தான் போட்டார். கீழ்த்தளத்தில் பத்தடி அகலத்தில் அவருக்கு அறை, நீளம் பதினைந்தரை அடி. அதை ஒட்டி பாத்ரூம், ஐந்தடி மூன்று இன்ச். வீல்சேர் ஒரு சுற்றுத் திரும்ப ஐந்தடி வேண்டும், பூச்சும் டைல்ஸும் போக அது மிஞ்ச வேண்டும். இரண்டுக்கும் நடுவே நாலரை இன்ச் சுவர். அதில் பக்கவாட்டில் நகரும் கதவு. உள்ளே போய்த் திரும்பினால்தான் தாழ்ப்பாள் கைக்கு எட்டும்.

பிளானைக் காட்ட அக்காவும் நானும் மார்க்கெட்டுக்குப் போனோம். அண்ணன் பிளானை விரித்து வைத்துக்கொண்டு சந்தேகம் கேட்கிறார், பதில் சொல்ல வேண்டிய அக்காவைக் காணோம். மூட்டை தூக்குகிறவர்கள் "ஓரம், ஓரம்" என்று கத்திக்கொண்டு போகும் வழியில் குத்துக்காலிட்டு, ஒரு அன்னாசிப்பழத்தில் மார்க்கரால் புள்ளி வைத்துக்கொண்டிருந்தார்.

"என்னங்க, வாங்குறதுக்கு எண்ணுறீங்களா, எண்ணுறதுக்கு வாங்குறீங்களா?" என்றார் அண்ணன்.

"இந்தக் கண்ணெல்லாம் சுத்திச் சுத்தி ஏறுதில்லண்ணே. இந்தப் பக்கமாச் சாஞ்சு ஏறுற வரிசை எட்டு. அந்தப் பக்கமா ஏறுறது பதிமூணு. நீங்களே எண்ணிப் பாருங்க."

"இருந்துட்டுப் போகட்டும். அதுக்கு என்ன இப்ப?"

"பதிமூண எட்டால வகுத்தா ஒன் பாயிண்ட் சிக்ஸ். கிட்டத்தட்ட."

அண்ணன் ஒரு பழத்தை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். எண்ணினார். குழம்பினார். மார்க்கரை வாங்கி மறுபடி எண்ணினார். எட்டு, பதிமூன்று. இன்னொரு பழம். அதுவும் எட்டு, பதிமூன்று. "இருவத்தஞ்சு வருஷமா இதத்தான் விக்கிறேன், எனக்குத் தெரியலையே!" என்று அண்ணியைக் கூப்பிட்டுக் காட்டினார். நானும் எண்ணினேன். அக்கா சொன்னது உண்மை. இதையும் டைரியில் எழுதியிருக்கிறேன். அன்னாசியில் டேப் இல்லை, பூஜ்ஜியத்தை நகர்த்த வழியில்லை.

அடியில் கோணலாக வளர்ந்திருந்த ஒரு பழத்தை அண்ணன் தேடி எடுத்து நீட்டினார். "இதுல சொல்லுங்க பாப்போம்."

அக்கா திருப்பித் திருப்பிப் பார்த்தார். வரிசை எங்கேயோ உடைந்து போயிருந்தது. "இது கணக்குல வராதுண்ணே."

"வெட்டித் தின்னா இனிக்குமே!" என்றார் அண்ணன். மண்டியே சிரித்தது. அக்கா சிரிக்கவில்லை. கீழே வைத்த அந்தப் பழத்தைக் கிளம்பும்வரை பார்த்துக்கொண்டே இருந்தார்.

அக்காவுக்கு ஸ்ரீரங்கத்தில் வாடகைக்கு ஓர் அறை. ஒரு ஞாயிற்றுக்கிழமை வரச்சொல்லியிருந்தார். அறைக்கு அழைத்துப் போவதற்கு முன் ராஜகோபுரத்துக்குக் கூட்டிப்போனார். எதிரே தெருவில் நின்று போனில் படம் எடுத்தார். படத்தின் மேல் விரலால் கட்டம் இழுத்தார். வரவில்லை. கலசங்களைச் சேர்த்தார். வரவில்லை. கலசங்களை விட்டு, கீழே கல்லில் கட்டிய பகுதியில் ஒரு வரியை விட்டு இழுத்தார். வந்தது.

பூக்கூடையோடு போய்க்கொண்டிருந்த மடிசார் மாமி ஒருவர் நின்று பார்த்தார். அக்காவை அவருக்குப் பழக்கம்போல. "ஏண்டிம்மா, பெருமாளை சேவிக்க வரியா, கோபுரத்துக்குச் சட்டை தைக்கப் போறியா? வாரா வாரம் அளவெடுக்கறயே!"

"இன்னிக்கு வந்துருச்சு மாமி."

"போன வாரமும் வந்துடுத்துன்னுதான் சொன்னே."

மாமி போய்விட்டார். நான் கேட்டேன். "இதக் கட்டுனவங்களுக்குன்னு ஒரு முழக்கணக்கு இருந்திருக்கும்லக்கா? நாம ஏன் நம்ம கணக்க அது மேல ஒட்டணும்?"

"ஒட்டல. தேடுறேன்."

"வராட்டி?"

அக்கா போனை அணைத்துப் பையில் போட்டுக்கொண்டார். "வராத எடத்துல என்னால நிக்க முடியலம்மா. நெஞ்சுக்குள்ள என்னமோ கோணலா மாட்டுன மாதிரி இருக்கு. உனக்கு அப்படி இல்லல்ல? குடுத்து வெச்சவ."

பிறகுதான் அவர் அறையைப் பார்த்தேன். ஏறக்குறைய சதுரமான அறை. குறுக்கே கயிறு கட்டி இரண்டு புடவைகளைத் திரையாகத் தொங்கவிட்டிருந்தார். திரைக்கு இந்தப் பக்கம் மீதமிருந்த பகுதி, நான் கேட்காமலே சொன்னார், ஒன் பாயிண்ட் சிக்ஸ். அதில் வருகிறவர்கள் உட்கார ஒரு பாய் சுருட்டி வைத்திருந்தது. வேறொன்றும் இல்லை. அடுப்பு, வாளி, டிரங்குப் பெட்டி, துணிகள், அரிசி டப்பா, அவர் படுக்கும் இடம், எல்லாம் திரைக்கு அந்தப் பக்கம் மூன்றடிச் சந்தில். காபி கலக்க அவர் பக்கவாட்டில் நகர்ந்து உள்ளே போனார். முழங்கை சுவரில் இடித்தது. பழகிய இடி, நின்றுகூடப் பார்க்கவில்லை. நான் அந்தக் காலி இடத்தின் நடுவில் உட்கார்ந்து காபி குடித்தேன். அவர் கயிற்றைப் பிடித்தபடி நின்று குடித்தார்.

அங்கே அவர் தனியாகத்தான் இருந்தார். ஏன் என்று நான் கேட்கவில்லை. நான் வேலை மாறி ஊரை விட்டு வந்த பிறகு தொடர்பும் விட்டுப்போயிற்று. இப்போது எங்கே இருக்கிறார் என்று தெரியாது.

பாலக்கரை பிளானில் ஒரு ஜன்னலை மாற்றச் சொன்னார் சார். அக்கா மாற்றி எடுத்து வந்தார். சரிபார்க்க என்னிடம் இருபத்திரண்டு வரிப் பட்டியல் ஒன்று உண்டு. அறைகளையும் சுவர்களையும் கூட்டினால் மனையின் நீளம் வருகிறதா, கதவு எந்தப் பக்கம் திறக்கிறது, ஜன்னல் தூணில் இடிக்கிறதா என்று வரிசையாகப் போகும். கூட்டினேன். இன்ச் பிசகாமல் வந்தது. இருபத்திரண்டும் டிக். கையெழுத்துப் போட்டேன். அந்த இடத்தில் யார் திரும்பப் போகிறார், எதில் திரும்பப் போகிறார் என்று என் பட்டியலில் வரி இல்லை.

சுவர் எழுந்த மூன்றாம் நாள் அண்ணன் வீட்டைப் பார்க்க வந்தார். படிக்கட்டில் பலகை சாய்த்து மேஸ்திரி வீல்சேரை ஏற்றினார். சார், அக்கா, நான், மூவரும் இருந்தோம்.

"எங்க என் மாளிகை?" என்று கேட்டுக்கொண்டே அண்ணன் நேராகப் பாத்ரூமுக்குப் போனார். கதவு இன்னும் போடவில்லை, வாசல் மட்டும்தான். உள்ளே போனார். திரும்பினார். கால் வைக்கும் தட்டு சுவரில் இடித்தது. கொஞ்சம் பின்னால் வந்து சாய்த்துத் திருப்பினார். பின்சக்கரம் செங்கல்லில் உரசியது. மூன்றாவது தடவை. நான்காவது தடவை. கடைசியில் அப்படியே பின்பக்கமாக உருட்டிக்கொண்டு வந்தார். முதுகுதான் முதலில் வெளியே வந்தது.

"பரவால்லங்க. இவ தள்ளிட்டுப் போவா. பழகுனதுதானே."

அண்ணி குனிந்து அவர் முட்டியில் ஒட்டியிருந்த செங்கல் தூளைத் தட்டிவிட்டார்.

சார் டேப்பைப் போட்டுப் பார்த்தார். பிளானைப் பிரித்தார். "அஞ்சடி மூணுல்ல போட்டுக் குடுத்தேன்? நாலு ஏழு எப்படி வந்துச்சு?"

"என்னையப் பாக்காதீங்க சார். தாள்ல உள்ளதத்தான் கட்டிருக்கேன்" என்றார் மேஸ்திரி.

தாளின் ஓரத்தில் என் கையெழுத்து இருந்தது. "நான் செக் பண்ணதுதான் சார்" என்றேன்.

"அவள விடுங்க சார். நடுச்சுவர எட்டு இன்ச் நான்தான் நகத்துனேன்" என்றார் அக்கா.

"எதுக்கு?"

அக்கா சாரை விட்டுவிட்டு அண்ணனைப் பார்த்தார். "நாள் முழுக்க இந்த ரூம்லதானே இருக்கப்போறீங்க. பத்தடிக்குப் பதினாறடி ரெண்டு இன்ச் இருந்தா சரியா வருது. ரூமாவது சரியா அமையட்டும்னு நெனச்சேன்ண்ணே. பாத்ரூம்ல எட்டு இன்ச் யாருக்குத் தெரியப்போகுதுன்னு…"

"எனக்குத் தெரியுதேம்மா" என்றார் அண்ணன்.

அவர் திட்டியிருந்தால் அக்காவுக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

சார் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார். டைல்ஸ்காரர்கள் திங்கட்கிழமை வருகிறார்கள், பிளம்பர் குழாய்க்கு இடம் குறித்துவிட்டார். "அண்ணே, உள்ள ஒரு கம்பி எக்ஸ்ட்ரா வெச்சுத் தரேன். அதப் புடிச்சு அப்படியே பின்னாடியே வந்துரலாம். கதவுக்குப் பதிலா ஒரு ஸ்கிரீன் போட்டுக்கலாம்" என்றார்.

"செய்ங்க" என்றார் அண்ணன். அவ்வளவு சீக்கிரம் ஒத்துக்கொண்டதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

"அண்ணே, அஞ்சு நிமிஷம் வீல்சேர குடுங்க" என்றார் அக்கா.

மேஸ்திரியும் அண்ணியும் அண்ணனைத் தூக்கி ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார வைத்தார்கள். அக்கா வீல்சேரில் ஏறிக்கொண்டார். புடவையைச் செருகிக்கொண்டு உள்ளே போனார். திரும்ப முயன்றார், இடித்தது. இல்லாத கதவின் இல்லாத தாழ்ப்பாளுக்குக் கையை நீட்டினார். எட்டவில்லை. எழுந்துவிடவில்லை. காலை ஊன்றவும் இல்லை. வெளியே வந்து மறுபடி போனார். ஏழு தடவை. புறங்கை செங்கல்லில் உரசி ரத்தம் கசிந்திருந்தது. கடைசித் தடவை வெளியே வரத் தெரியாமல் அங்கேயே கொஞ்ச நேரம் சுவரைப் பார்த்தபடி இருந்தார். அவர் முதுகை மட்டும்தான் எங்களால் பார்க்க முடிந்தது.

வந்ததும், "மேஸ்திரி, சுத்தியல் குடுங்க" என்றார்.

"யாரக் கேட்டு ஒடைக்கப் போற?" என்று கத்தினார் சார்.

"அவரக் கேட்டு." அண்ணன் பக்கம் திரும்பினார். "ஒடைக்கலாமாண்ணே?"

அண்ணன் சாரைப் பார்த்தார். அண்ணியைப் பார்த்தார். "ஒடைம்மா" என்றார்.

மூன்று நாள் சுவர். அக்கா பத்துப் பன்னிரண்டு தடவை அடித்ததுமே மேல் வரிசை பெயர்ந்தது. பிறகு மேஸ்திரி, "தள்ளுங்க, கால்ல போட்டுக்கப் போறீங்க" என்று சுத்தியலை வாங்கிக்கொண்டார். மதியத்துக்குள் சுவர் தரையோடு போய்விட்டது. அக்கா அண்ணனை அங்கேயே வீல்சேரில் ஒரு முழுச் சுற்றுச் சுற்றச் சொன்னார். சக்கரமும் தட்டும் போன தடத்தைச் சாக்பீஸால் வரைந்தார். அதற்கு வெளியே ஒரு சாண் விட்டுக் கோடு போட்டார். "இங்க கட்டுங்க." எத்தனை அடி எத்தனை இன்ச் என்று சொல்லவில்லை. எல்லாரும் போன பிறகு நான் அளந்தேன். அண்ணனின் அறை பதினைந்தடி இரண்டு இன்ச். வகுத்தால் ஒன்று புள்ளி ஐந்து சொச்சம். நான் சொல்லவில்லை. அவரும் கேட்கவில்லை.

ஆனால் அமைதியாகிவிட்டார் என்று சொல்ல முடியாது. வேலை முடியும்வரை தினம் பாலக்கரைக்குப் போனார். டைல்ஸ் எத்தனை கனம், அடியில் கலவை எத்தனை கனம் என்று டைல்ஸ்காரர்களை நச்சரித்தார். தாழ்ப்பாள் உயரத்தை நான்கு தடவை மாற்றச்சொன்னார். "இந்தம்மா வந்தா எனக்கு டீ எறங்க மாட்டேங்குது" என்று மேஸ்திரி என்னிடம் புலம்பினார். நானும் மாறித்தான் போனேன். இன்றைக்கும் எந்த வீட்டுப் பாத்ரூமுக்குள் போனாலும் ஒரு தடவை கையை விரித்துச் சுற்றிப் பார்க்காமல் என்னால் வெளியே வர முடியாது.

பால் காய்ச்சும் நாள் காலை. சொந்தக்காரர்கள் இன்னும் யாரும் வந்திருக்கவில்லை. அண்ணன் எங்கள் மூன்று பேரையும், அண்ணி, அக்கா, நான், தன் அறைக்குள் கூப்பிட்டார். "இங்கயே இருங்க. யாரும் வராதீங்க" என்றார். புதுச்சட்டையில் மஞ்சள் வைத்திருந்தது.

உள்ளே போனார். கதவு நகர்ந்து மூடியது. தாழ்ப்பாள் விழும் சத்தம் கேட்டது. அண்ணி முந்தானையை வாயில் வைத்துக்கொண்டார்.

சக்கரம் டைல்ஸில் உருளும் சத்தம். கம்பியைப் பிடிக்கும் சத்தம். வீல்சேர் எதிலோ லேசாக முட்டியது. அக்கா ஜன்னலிலிருந்து சுவருக்கும் சுவரிலிருந்து ஜன்னலுக்கும் நடந்தார். குழாயில் தண்ணீர் விழுந்தது, நின்றது. அதற்குப் பிறகு ஒன்றும் கேட்கவில்லை. எவ்வளவு நேரம் என்று நான் மணி பார்க்கவில்லை. அபூர்வமாக அன்று பார்க்கவில்லை.

"ரொம்ப நேரமாச்சே" என்று அண்ணி கதவை நோக்கிப் போனார்.

அக்கா ஓடிப்போய் அவர் கையைப் பிடித்துக்கொண்டார். "கூப்புடலையே அண்ணி. இருங்க."

"விழுந்துட்டாருன்னா?"

"கூப்புடுவாரு. இருங்க அண்ணி."

சொல்லிவிட்டு, பிடித்த கையை விடாமலே கதவில் காதை வைத்தார்.

மறுபடி சக்கரம் உருண்டது. நின்றது. உருண்டது. தாழ்ப்பாள் நகர்ந்தது. கதவு பாதி திறந்து, பிறகு முழுதாகத் திறந்தது. அண்ணனின் முகம்தான் முதலில் வெளியே வந்தது. வியர்த்திருந்தது. சட்டைக் கை நனைந்திருந்தது. கதவுக்கு முன்னால் நெருக்கிக்கொண்டு நின்ற எங்கள் மூவரையும் மேலும் கீழும் பார்த்தார்.

"என்ன, மூணு பேரும் வரிசையில நிக்கிறீங்க? அடுத்தது யாரு?"